முகத்தைச் சுற்றிய கோடு

குவாதலஹாரா, ஜூன் 3

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் தேறிவிட்டேன்!

கல்லூரி நூலகத்தில், அங்குள்ள புகழ்பெற்ற சுவரோவியத்தின் முன்னால் வைத்தே வாய்மொழித் தேர்வு நடந்தது. பேராசிரியர் அர்செனியோ, "இதுல இருக்கற விவசாயியோட முகம் பிடிக்காம ஓவியர் அதுமேலயே மறுபடி தீட்டியிருக்கார். அவ்வளவுதானேம்மா?" என்றார். என் ஆய்வேடு சொல்வது நேர்மாறு. விளக்கைச் சுவரோரமாகச் சாய்த்துப் பிடித்தேன். முகத்தைச் சுற்றி, பழைய பூச்சும் புதிய பூச்சும் சேரும் கோடு தெரிந்தது.

"இல்லைங்க சார். கொத்தி எடுத்துட்டுப் புதுசாப் பூசி, ஈரம் காயறதுக்குள்ள வரைஞ்சிருக்கார்."

அவர் ஏணியில் ஏறித் தடவிப் பார்த்தார். "முப்பது வருஷமா குருடனா பாடம் எடுத்திருக்கேன்! எந்தப் புத்தகத்துல படிச்ச?"

"புத்தகம் இல்லைங்க. எங்கப்பா சுவர் பூசறவர்" என்றேன். தேர்வுக்குழுவில் எல்லோரும் கைதட்டினார்கள்.

பட்டமளிப்பு விழாவில் இடமில்லை என்று போன கடிதத்தில் எழுதியிருந்தேன். கூச்சத்தில் எழுதிய பொய் அது. இடம் இருக்கிறது அப்பா. முதல் வரிசையில். அம்மாவோடு வாருங்கள்.

உங்கள் மகள்