தாளத்துக்கு இருமல்

திங்கள்
காலையிலிருந்து தூறல். எங்கள் ஊர் சாம்பியன் ரீப்ஸில் ரயில் ஏறும்போதே செருப்பு வார் அறுந்தது. பெங்களூர் வரை நின்றுகொண்டே பயணம்.

ஒத்திகை. பதினாறு வருடமாக இந்தக் குழுவின் பாட்டு நாடகங்களில் இருக்கிறேன்; முதலில் நாயகி. நாற்பது தாண்டியதும் அம்மா வேடம். இப்போது எங்கள் ஊர்த் தங்கச் சுரங்கத்தைப் பற்றியே புது நாடகம்; நான் தொழிலாளியின் மனைவி. போன வாரம் டீ குடிக்கையில் டைரக்டரிடம் வாய்தவறிச் சொல்லிவிட்டேன்: என் நைனா நந்திதுர்க் சுரங்கத்தில் இருந்தவர், நுரையீரலில் தூசி ஏறி இருமி இருமிச் செத்தார் என்று. இன்று அது பாட்டாகி வந்திருக்கிறது. புருஷன் எப்படி இருமுவான் என்று பொண்டாட்டி பாடிக் காட்டும் பாட்டு. சிரிப்புப் பாட்டு!

டைரக்டர்: "நாலு தாளத்துக்கு ஒரு தடவ இருமுங்க மேடம். மூணாவது மட்டும் நீளமா."

இருமினேன். எல்லோரும் சிரித்தார்கள், கைதட்டினார்கள். நான் குனிந்து வணக்கம் வேறு வைத்தேன்.

புதன்
வாங்க வேண்டியது: அம்மாவுக்கு பிரஷர் மாத்திரை, ஊக்கு, பனங்கற்கண்டு.

மேக்கப் போடுபவர் என் முகத்தில் கறுப்பு மை அப்பினார். சுரங்கக்காரிக்கு என் நிறம் போதாதாம். என்னால் முடியாத நாளில் என் வேடத்தைப் போடவிருக்கும் நிஷா பக்கத்திலிருந்து கேட்டாள்: "அக்கா, சுரங்கத்த மூடிட்டாங்களே, உங்க ஊர்ல இன்னும் ஜனங்க இருக்காங்களா?"

மை காதுக்குள் போய்விட்டது. இரண்டு முறை குளித்தும் நாற்றம் போகவில்லை.

சனி
வெயில். எங்கள் ஊரிலேயே முதல் காட்சி, பிற்பகல் மூன்று மணி. அம்மா நாலாவது வரிசை.

இருமல் பாட்டு. முன்வரிசையில் பெங்களூரிலிருந்து வந்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பின்னால் ஏழெட்டு கிழவர்கள் எழுந்து, சத்தமில்லாமல் வெளியே போனார்கள். ஒருவர் நைனாவோடு ஒரே ஷிப்டில் இறங்கியவர். பார்த்தேன். பார்த்துக்கொண்டேதான் மூன்றாவது இருமலை நீளமாக இழுத்தேன்.

வீட்டில் அம்மா தோசை ஊற்றிக்கொண்டே:

"நல்லாதான் பாடின. ஆனா உங்க நைனா அப்பிடி இரும மாட்டாரு."

"பின்ன எப்பிடிம்மா?"

"நீ எய்ந்துக்குவேன்னு துண்ட வாயில அடச்சிக்கினு இருமுவாரு. சத்தமே வராது. நீ எங்க கேட்ட?"

நான் கேட்டதே இல்லை. சினிமாவில் பார்த்த எவனோ ஒருவனின் இருமல் அது. தோசையை அப்படியே வைத்துவிட்டேன்.

ஞாயிறு
இரண்டாம் காட்சி. யாரிடமும் சொல்லவில்லை. இருமல் வரும் இடத்தில் துண்டை எடுத்து வாயில் அடைத்துக்கொண்டேன். தோள் மட்டும் குலுங்கியது. டோலக்காரர் தடுமாறி, அப்புறம் நிறுத்திவிட்டார். அரங்கில் ஒரு சிரிப்பு இல்லை. எனக்குக் கண்ணில் நீர், நடிப்பில்லாமல்.

திட்டு விழும் என்று நினைத்தேன். டைரக்டர் ஓடி வந்து கையைப் பிடித்துக் குலுக்கினார்.

"சூப்பர் மேடம்! யார் சொன்னாங்க?"

"அம்மா."

"இதையே வச்சுக்கலாம். அம்மாகிட்ட இந்த மாதிரி இன்னும் நாலு விஷயம் கேட்டு வாங்கிட்டு வாங்க!"

கையை உருவிக்கொண்டேன். "அதெல்லாம் கெடைக்காது சார். நான் இனிமே வரல" என்றேன். புடவையை மாற்றி, மடித்து, நாற்காலியில் வைத்துவிட்டு நடந்தேன். பின்னால் யாரோ: "விடுங்க சார், நிஷா பண்ணுவா."

திங்கள்
ரயிலுக்குப் போகவில்லை. பதினாறு வருடத்தில் முதல் முறை. அம்மா பூண்டு உரித்தாள். நானும் உரித்தேன்.

பதினோரு மணிக்கு நிஷா போன்.

"சாரி அக்கா, நாளைக்கு நான்தான் பண்றேன். ஒண்ணே ஒண்ணு. உங்கப்பா அந்தத் துண்ட எந்தக் கையில பிடிச்சாரு? வலதா, இடதா?"

போனைக் கையால் பொத்திக்கொண்டு அம்மா பக்கம் திரும்பினேன். கேட்க வாய் திறந்தேன். நிஜமாகவே கேட்கத்தான் திறந்தேன். சீ.