ஃபேன் கண்டன்சரில் பாடிய பெட்டி

மருதாத்தாளுக்கு, பள்ளிவாசல் என்ற இந்த மலையூர்க் குளிரில் இரண்டு ஸ்வெட்டருக்குள் சௌக்கியமாக இருக்கும் உன் வீட்டுக்காரன் எழுதுவது. முழங்கால் வலி தேவலையா?

நான் வேலை பார்க்கும் விடுதியின் பழைய ஸ்பீக்கர் பெட்டிக்குள் கிராஸ்ஓவர் என்று ஒன்று இருக்கிறது. சல்லடை மாதிரி, கீச்சென்ற மெல்லிய சத்தத்தை மட்டும் சின்ன ஸ்பீக்கருக்கு விடும். இரண்டு பெட்டியிலும் அதன் கண்டன்சர் காய்ந்திருந்தது. பத்தாவது தோற்ற இந்த இன்ஜினியர் தப்பான கண்டன்சரை வைத்து வெடிக்கவிட்டேன்.

"அண்ணாச்சி, ஒரு புருவத்தக் காணோமே?" என்றான் கூட வேலை செய்யும் வேல்முருகன். பயப்படாதே, முளைத்துவிடும்.

பிறகு என் பையில் கிடந்த ஃபேன் கண்டன்சரை மாட்டினேன். ஒரு பெட்டி பாடிவிட்டது. ஞாயிற்றுக்கிழமைக்குள் மற்றதும் பாடாவிட்டால் இரண்டும் காயலான் கடைக்குத்தான் என்றுவிட்டார் விடுதிக்காரர். இந்த மலையில் யார் ஃபேன் போடுகிறார்கள், கடையில் அதன் கண்டன்சர் கிடைக்க? பரணில் கிடக்கும் நம் பழைய ஃபேனின் கண்டன்சரைக் கழற்றி, இந்தக் கடிதத்தைக் கொண்டுவரும் லாரிக்காரக் குப்பண்ணனிடமே கொடுத்துவிடு.

நீ போனில் அனுப்பிய பேச்சைத்தான் போட்டுப் பார்க்கிறேன். ஒரு பெட்டியில் உன் வளையல் சத்தம்கூடக் கேட்கிறது. மற்றதில் போர்வைக்குள்ளிருந்து பேசுகிறாய். லாரி கிளம்புகிறது, சீக்கிரம் அனுப்பு.

பாண்டித்துரை