கைமாறினால்தான் வளரும்

தோஹா
6.2.2026

அன்பு இல்மா,

வாட்ஸ்அப்பில் எழுதினால் ஒரு கட்டைவிரலைப் போட்டு முடித்துவிடுவாய். அதனால்தான் பார்சலுக்குள் கடிதம். பிரித்துப் பார்த்தாயா? நம்முடைய பூதம் பிடிக்கிற கேம்தான்! புதிதாகச் செய்து விற்கிறார்கள். ஹோட்டல் வேலை முடிந்து வரும் வழியில் கடைக் கண்ணாடியில் பார்த்தேன், அப்படியே நின்றுவிட்டேன். எனக்கொன்று, உனக்கொன்று.

உன் மாமா சவூதியிலிருந்து கொண்டுவந்த இரண்டு கேம் மிஷினோடு உன் வாப்பாவின் கடைக்குப் பின்னால் மாவு மூட்டை மேல் ஏறிக்கொள்வோமே! இங்கிலீஷ் புரியாமல் எல்லாப் பூதத்துக்கும் நாமே பேர் வைத்தோம். தோட்டத்தில் ஆட்களை மேய்க்கிறவரைப் போல மீசை வைத்தவன் கங்காணி. வயர் போட்டு மற்றவள் மிஷினுக்கு அனுப்பினால்தான் அவன் வளருவான். இப்போது வயர் வேண்டாம், இன்டர்நெட் போதும். பிடித்து எனக்கு அனுப்பு.

உன் சர்மிளா

மஸ்கெலியா
1.3.2026

அடி சர்மி,

ஏழு கழுதை வயசாகிறது, கல்லாவில் உட்கார்ந்து பூதம் பிடிக்கிறேன். "இந்தப் புள்ளைக்கு என்னா புடிச்சிருக்கு?" என்கிறார் வாப்பா. போட்டதும் அந்தப் பழைய மியூசிக் வந்தது. அழுதுவிட்டேன். நிறமெல்லாம் அழகுதான். பக்கத்தில் நீதான் இல்லை.

கங்காணி கிடைத்துவிட்டான். ஆனால் இன்டர்நெட்டில் தரமாட்டேன். உன் அம்மாவின் தெவசத்துக்கு வந்து போனவள், அதற்குப் பிறகு எட்டியே பார்க்கவில்லை. நேரில் வந்து வாங்கிக்கொள்.

இல்மா

தோஹா
20.3.2026

இல்மா,

கோபிக்காதே. எங்கே வந்து இறங்குவேன்? அம்மா இருந்த லயத்து வீட்டைத் தோட்டத்துக்காரர்கள் வேறு தொழிலாளர் குடும்பத்துக்குக் கொடுத்துவிட்டார்கள். தெவசத்துக்கு வந்தபோது அந்த வாசலில் போய் நின்றேன். "யாருங்க வேணும்?" என்று ஒரு பெண் கேட்டாள். வாசல் மாறி வந்தவள்போலத் திரும்பி நடந்துவிட்டேன். உன் வீட்டில் தங்கச் சொல்லுவாய், தெரியும். சொந்த ஊருக்கு விருந்தாளியாய் வர மனசில்லை.

கேமில் பார்த்தாயா? எத்தனை ஊர் சுற்றிவிட்டு வந்தாலும் வீடு அப்படியே இருக்கிறது. உள்ளே அம்மா நிற்கிறாள். நான் தினமும் அங்கேதான் போகிறேன். அது போதும் எனக்கு. கங்காணியை அனுப்பிவிடு.

சர்மிளா

மஸ்கெலியா
11.4.2026

சர்மி,

சரி, இனி வற்புறுத்தமாட்டேன். நேற்று கங்காணியை அனுப்பிவிட்டேன். போய்ச் சேர்ந்தான் என்று மட்டும் காட்டியது. அவன் வளருவதைப் பார்க்கலாம் என்று, சாமான் வாங்க வந்தவர்களைக்கூட கவனிக்காமல் காத்திருந்தேன். ஒன்றும் வரவில்லை. வளருவதெல்லாம் வாங்கியவள் திரையில்தானாம். கொடுத்தவளுக்குக் காட்டாதாம்.

அப்போதும் இப்படித்தான் இருந்திருக்கும். நீ பக்கத்திலேயே இருந்தாய், உன் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன், அதனால் எனக்குத் தெரியவில்லை.

இல்மா