பெட்டிக்கு அடங்காத கால்

ஆமா அக்கா, நீ கேள்விப்பட்டது நிஜம்தான். என் சித்தப்பா, உங்கப்பா கல்லறையத் தொறக்கப் பேச்சு நடக்குது. ஆனா தொறக்கணும்னு சொன்னது நீ பக்கம் பக்கமா திட்டியிருக்கிற அமெரிக்காக்காரர் இல்ல, நான். அதனால அந்தத் திட்டையெல்லாம் என் பேருக்கு மாத்திக்க. தோவா அக்காவுக்கு லாம் எழுதுறது, சைகோன்ல நலமான்னு கேட்டுட்டு ஆரம்பிக்கணும்னு எனக்கும் தெரியும். கேட்டாச்சு. பஸ் ட்ரைவர் சாப்பிட்டுட்டுக் கயித்துத் தொட்டில்ல படுத்திருக்கான். அவன் எந்திரிக்கிறதுக்குள்ள எழுதிக் குடுக்கணும்.

அமெரிக்காக்காரங்க கூட நான் ஏன் சேந்தேன்னு கேட்டிருந்த. ஹூவே காலேஜுல படிப்ப விட்டுட்டு வந்தவனுக்கு ஊர்ல வேற என்ன இருக்கு? எருமை மேய்க்கலாம், இல்லன்னா அப்பாகிட்ட பேச்சு வாங்கலாம். சண்டை காலத்துல மலையில அமெரிக்கா விமானம் விழுந்த எடத்துல மண்ணு சலிக்க ஆள் எடுத்தாங்க, போயிட்டேன். அந்த விமானத்துல ரெண்டு பேர் இருந்தாங்களாம். ஒருத்தன அன்னைக்கே ஹெலிகாப்டர் வந்து தூக்கிட்டுப் போயிடுச்சு. இன்னொருத்தன் எலும்பத்தான் தேடறாங்க. இதுவரைக்கும் சல்லடையில விழுந்தது ஒரு பூட்ஸ் அடியும் பாராசூட் கொக்கியும்தான். மழை வரப்போகுது. அடுத்த வெள்ளிக்கிழமை கூடாரத்தப் பிரிச்சுட்டுப் போறாங்க. போனா இந்த மலைக்குத் திரும்ப வரமாட்டாங்க, அவங்களுக்குத் தோண்ட வேற எவ்வளவோ எடம் இருக்கு.

அவங்க தலைவர் பேரு ஹால்வர்சன். நரைச்ச தாடி, தண்ணியில முக்கி எடுத்த மாதிரி வேர்க்கும். எங்களோட உக்காந்து சோத்துல மீன் சாறு ஊத்தித் தின்னுவார், பச்ச மொளகாயக் கடிச்சுட்டு அழுவார். பசங்க அவருக்கு எருமைன்னு பேர் வச்சுட்டானுங்க. அது தெரிஞ்சு, கூப்பிட்டா ம்மான்னு கத்துவார். அந்த மனுஷன்தான் போன வாரம் சாப்பாட்டு நேரத்துல, தேடுற பையனப் பத்திச் சொன்னார். ஹனோய்லேர்ந்து வந்திருக்கிற அதிகாரி நியெம் சார்தான் மொழிபெயர்த்தார். பையன் ரொம்ப ஒசரமாம். ஒட்டகத்த மடக்கி உள்ள ஏத்தற மாதிரிதான் அவன விமானத்துல ஏத்தணும்னு கூட்டாளிங்க கிண்டல் பண்ணுவாங்களாம். எல்லாரும் சிரிச்சாங்க. நான் மட்டும் சிரிக்கல.

ஏன்னு உனக்கு இந்நேரம் புரிஞ்சிருக்கும். அன்னைக்கு சாராயப் பாத்திரத்தப் புடிச்சுட்டு நின்னது நீதானே. அப்பா மலையிலேர்ந்து சித்தப்பா எலும்புன்னு மூட்டையில கொண்டாந்து, சாராயத்துல கழுவி, பொதைக்கிற மண்பெட்டியில அடுக்கினப்ப தொடை எலும்பு உள்ள போகல. நேரா வச்சாங்க, சாய்ச்சு வச்சாங்க, ம்ஹூம். ஊர்ல செத்தவங்க எல்லாருக்கும் அடங்கின பெட்டி அது. அப்பா சைக்கிள எடுத்துட்டுக் குயவர்கிட்ட ஓடினார். பெருசா வேணும்னதும், யாரய்யா செத்தது யானையான்னு கேட்டாராம் அவர். சித்தப்பா பேரச் சொல்லி, டியென் மண்ணுக்குள்ள வளந்துட்டான்யான்னு இன்னைக்கும் கல்யாண வீட்ல சொல்லிச் சிரிக்கிறாங்க, சித்தியும் சேந்துதான் சிரிக்கிறாங்க. ஆனா வீட்ல இருக்கிற போட்டோவப் பாரு. சித்தப்பா அப்பாவோட தோளுக்குத்தான் நிக்கிறார்.

நேரா அப்பாகிட்டயே கேட்டுட்டேன். மூங்கில் பொளந்துட்டிருந்தவர் கத்தியக் கீழ வச்சுட்டுக் கையால அறைஞ்சார். கத்திய வச்சுட்டு அறைஞ்சாரே, அதுவரைக்கும் நல்லது. படிப்பத்தான் பாதியில விட்ட, செத்தவனையாவது விடமாட்டியாடான்னார். நான் நகரல. அப்புறம் அவரே ஆரம்பிச்சார். என் தம்பிய எனக்கு அளக்கத் தெரியாதாடா, அவன் போட்டதெல்லாம் என் பழைய சட்டை, கைய மடிச்சு விட்டுத்தான் போடுவான்னார். விமானத்தச் சுட சித்தப்பா நின்ன பீரங்கி இருந்த எடமே குண்டு விழுந்து குழியாப் போச்சாம். எலும்பத் தேடி ஏறி ஒவ்வொரு தடவையும் வெறுங்கையோட எறங்கி வருவாராம், சித்தி வாசல்ல பெட்டியக் கழுவி வச்சுக்கிட்டு நிப்பாங்களாம். எலும்பு இல்லன்னா என்ன, ஊர்ல நாலு பேர் செஞ்ச மாதிரி பேர மட்டும் எழுதி வெறும் கல்லறை கட்டிக்கலாம்னு சொல்லிப் பாத்திருக்கார். வெறுங்குழிக்கு நான் அழமாட்டேன் மச்சான்னு சொல்லிட்டாங்களாம். கடைசியா போனப்ப ஓடை ஓரத்துல இவன் எலும்பாக் கெடந்திருக்கான். யாரு பெத்த புள்ளையோ, மழையில கெடக்கறதுக்கு நம்ம வீட்டுக்கு வரட்டுமேன்னு அள்ளிட்டேன்டான்னார். சொல்லிட்டு மறுபடி மூங்கில எடுத்துப் பொளக்க ஆரம்பிச்சுட்டார்.

அதோட நான் வாய மூடியிருப்பேன் அக்கா, சத்தியமா. ஞாயித்துக்கிழமை ஹால்வர்சன் ஊருக்குள்ள வராம இருந்திருந்தா.

கிளம்பறதுக்கு முன்னாடி எல்லார் வீட்லயும் ஒரு வாய் டீ குடிச்சுட்டுப் போகணும்னு வந்தார். உங்க வீட்டுக்கு வந்தப்ப சித்தி பின்னாடி கல்லறையில சோறும் அவிச்ச முட்டையும் வச்சு, சிகரெட் ஒண்ணப் பத்த வச்சு நட்டுட்டிருந்தாங்க. யாருன்னு அவர் கேட்டார். என் வீட்டுக்காரர், அந்த மலையில பீரங்கியில இருந்தவர்னு சித்தி சொன்னாங்க. மொழிபெயர்க்கலாமா வேணாமான்னு நியெம் சார் ஒரு நிமிஷம் தெணறிட்டுச் சொன்னார். ஹால்வர்சன் மொகம் மாறிடுச்சு. அப்ப எங்க விமானத்த அவர் சுட்டிருக்கலாம்னார். சித்தி கொஞ்சம்கூட அசரல. சுட்டுத்தான் இருப்பாரு, பின்ன அவர அங்க வச்சது எதுக்கு, குருவி வெரட்டவான்னாங்க. இதையும் நியெம் சார் சொன்னார்.  

ஹால்வர்சன் தொப்பியக் கழட்டினார். அவருக்கு நான் ஒரு ஊதுவத்தி ஏத்தலாமான்னு கேட்டார். சித்தி மூணு எடுத்துக் குடுத்தாங்க. அவ்வளவு பெரிய ஒடம்ப மடக்கி, சேத்துல முட்டி போட்டுக் கும்பிட்டார். யார மாசக்கணக்கா சலிச்சுத் தேடறாரோ அவனுக்கு முன்னாடியே, யாருன்னு தெரியாம. அது போதாதுன்னு சித்தி வேற சொல்றாங்க, கவலப்படாதீங்க, உங்க பையன் எங்க கெடந்தாலும் யாராவது ஒருத்தி அவனுக்கும் ஊதுவத்தி வச்சிருப்பான்னு. எங்கூட நின்ன அப்பா திரும்பிக் கொல்லைப்பக்கம் போயிட்டார். 

ஜீப்ல ஏறப்போன நியெம் சார் சட்டையப் புடிச்சு இழுத்து எல்லாத்தையும் சொல்லிட்டேன். அவர் என்னைய அடிக்காத கொறை. இது உன் எலும்பும் இல்ல, என் எலும்பும் இல்ல, பொண்டாட்டியும் புள்ளையும் சம்மதிக்காம ஒரு கல்லறையத் தொறந்தேன்னு வையி, நாளைக்கு ஒரு ஊர்லயும் எங்கள உள்ள விடமாட்டாங்கன்னார். அவங்க வாயால வந்தா மொழிபெயர்க்கறேன், அதுவரைக்கும் எனக்குக் காது கேக்கலன்னார். ஜீப் ட்ரைவருக்கு நல்லா கேட்டிருக்கு. அவன் பஸ் ட்ரைவர்கிட்ட சொல்லி, அவன் உன்கிட்ட சொல்லிட்டான்.

இரு. அப்பா வெளிய வர்றார். வெள்ளச் சட்டை போட்டிருக்கார், தேர்தலுக்குப் போடற சட்டை. சித்திகிட்ட நானே சொல்றேன், நீ வராதன்னுட்டு உங்க வீட்டுக்குள்ள போயிட்டார். நான் முருங்கை மரத்தடியில உக்காந்து எழுதிட்டிருக்கேன். 

அப்பான்னு கும்பிட எனக்கு அது ஒண்ணுதான் இருக்கு, அதையும் புடுங்கறியான்னு எழுதியிருந்த.  ஒண்ணு மட்டும் சொல்றேன். ஹால்வர்சன்கிட்ட அவங்க குண்டு போட்ட காலத்து வரைபடம் இருக்கு. அதுல நம்ம பீரங்கி இருந்த மேட்டக் குறிச்சு வச்சிருக்காங்க, கண்ணால பாத்தேன். அப்பா தோண்டினது பக்கத்து மேடு. சித்தப்பா கெடைப்பார்னு சொல்லல. தப்பான எடத்துல தேடியிருக்கோம்னு சொல்றேன். அவங்க போனாலும் நான் தோண்டுவேன், எனக்கு வேற வேலை இல்ல.

உள்ள ஏதோ ஒடஞ்சுது. தட்டா கிண்ணமான்னு தெரியல. அழுகைச் சத்தம் இல்லவே இல்ல, அதுதான் பயமா இருக்கு.

சித்தி வந்தாங்க அக்கா. தலை அவுந்து கெடக்கு. நேரா என்கிட்ட வந்து, உனக்கு எத்தனை நாளாத் தெரியும்னு கேட்டாங்க. சொன்னேன். உன் வாய்க்கு அத்தனை நாள் அடக்கமான்னாங்க. அப்புறம் கல்லறைப் பக்கம் பாத்துட்டே நின்னாங்க. இத்தனை வருஷம் இவனுக்கு சோறு வச்சது நான், ஒடம்பு சரியில்லாத நாள்லகூட வச்சேன், சாமான் மாதிரி கையெழுத்துப் போட்டுத் தூக்கிட்டுப் போக விடமாட்டேன்னாங்க. அவன் அம்மா உயிரோட இருக்காளான்னு போய்க் கேளுடா, இருந்தா அவ கேக்கட்டும், என் புள்ளையக் குடுன்னு அவ என்கிட்ட கேக்கட்டும், குடுக்கறேன். இப்பவே போன்னாங்க. அப்பா வாசப்படியில உக்காந்திருக்கார், சித்தி அவரப் பாக்கவே இல்ல.

கல்லறையத் தொறக்கும்போது மொத மண்ண எடுக்க வேண்டியது புள்ளை, அது உனக்கே தெரியும். இவன் உன் அப்பா இல்லாட்டியும் மக மாதிரி கும்பிட்டது நீதான். இதே பஸ் திரும்பி வரும்போது ஏறி வந்துடு. என்னத் திட்டணும்னா வந்து திட்டு. சித்தியத் தனியா விட்றாத.

ட்ரைவர் ஹாரன் அடிக்கிறான், சித்தி இங்கயே நின்னு என்னையே பாக்கறாங்க. அவன் அம்மாவப் பத்தி ஹால்வர்சன்கிட்ட கேக்க மலைக்கு ஓடணும். போறேன்.

லாம்