ஒல்லாந்தர் கோவிலுக்குப் போனவர்கள்

என்னோடு கதைக்காமலே போய்விட்ட என் அன்பு அப்பாவுக்கு,

இன்றைக்கு வியாழக்கிழமை. எனக்குக் கிழமையில் ஓய்வென்று கிடைப்பது இந்த ஒரு பின்னேரம்தான். இத்தாலியில் இந்தப் பலேர்மோவில் நம் ஆட்கள் பலர் இந்த நேரத்தில் துறைமுகப் பக்கம் காற்று வாங்கப் போவார்கள். நான் பொலிதேயாமா சதுக்கத்தில் ஒரு வாங்கில் குந்தியிருந்து உங்களுக்கு எழுதுகிறேன்.

உங்கள் முகத்தைக் கடைசியாகப் பார்க்க என்னால் வர முடியவில்லை. பெர்மெஸ்ஸோவை, அதுதான் என்னை இந்த நாட்டில் இருக்க விடும் அட்டையை, புதுப்பிக்கக் கொடுத்திருக்கிறேன். அதற்கு வேலை ஒப்பந்தம் வேண்டும், வீட்டு முகவரி வேண்டும். இரண்டுக்கும் நான் வீட்டோடு இருந்து பார்த்துக்கொள்ளும் வயதான அம்மாவை, சிஞ்ஞோராவைத்தான் நம்பியிருக்கிறேன். "நீ போனால் நான் வேறு ஆளைத்தான் எடுக்க வேண்டியிருக்கும்" என்று அவளின் மகன் தன்மையாகத்தான் சொன்னான். தன்மையாகச் சொன்னால் மட்டும் கதவு திறந்துவிடுமா?

சிஞ்ஞோரா புரட்டஸ்தாந்து, அப்பா. இந்த ஊரில் சந்திக்குச் சந்தி கண்ணாடிக் கூட்டுக்குள் மாதா நிற்கிறா. அப்படிப்பட்ட ஊரில் எனக்கென்று வந்து வாய்த்தது இந்த வீடு. நான் வந்த கிழமையே, சுவரில் நான் மாட்டிய மாதா படத்தைக் காட்டி, "அந்தப் படத்தை அலுமாரிக்குள் வை, எனக்கு அதைப் பார்த்தால் மனம் சரியில்லை" என்றாள். இப்போது மாதா என் சட்டைகளோடு தொங்குகிறா. உடுப்புத் தேடுகிற மாதிரி அலுமாரியைத் திறந்து வைத்துச் செபமாலை சொல்கிறேன். அவ்வளவு நேரம் தேட என்னிடம் எங்கே இருக்கிறது உடுப்பு!

அவள் கெட்டவள் இல்லை. ஒருநாள் சூப் குடித்துக்கொண்டே, "நாலு பேராக இருந்து பயந்து பயந்து கும்பிடுவது எப்படியென்று கத்தோலிக்கருக்குத் தெரியாது" என்றாள். அவளின் பெரியம்மா செத்தபோது அந்த ஊர்க் கத்தோலிக்கர் சேமக்காலையில் புதைக்க இடம் கொடுக்கவில்லையாம். இவளைப் போலவே புரட்டஸ்தாந்தான ஒல்லாந்தர், அந்த டச்சுக்காரர், ஆண்ட காலத்தில் மன்னாரில் எங்கள் ஆட்கள் பட்டதைச் சொல்ல எனக்கு வாய் உன்னியது. ஆனால் என்னுடைய இத்தாலியன் மருந்துக்கும் சூப்புக்கும்தான் காணும். "ஓம் சிஞ்ஞோரா" என்று சொல்லிவிட்டுக் கோப்பையைக் கழுவப் போனேன்.

ஞாயிறு காலையில் அவளைச் சக்கர நாற்காலியில் வைத்து அவளின் சபைக்குத் தள்ளிக்கொண்டு போவது என் வேலை. அவர்கள் எழும்பினால் எழும்புவேன், இருந்தால் இருப்பேன். பாடமாட்டேன். கர்த்தர் கற்பித்த செபம் வரும்போது மட்டும் வாய்க்குள் தமிழில் சொல்லுவேன். வீட்டுக்கு வந்து சமைத்து, தீத்தி, அவளைப் படுக்க வைக்கும்போது எங்கள் தமிழ்ப் பூசை முடிந்திருக்கும்.

ஒரு ஞாயிறு அந்தச் சபை வாசலில் நம் ஊர் ராணி அக்கா என்னைக் கண்டுவிட்டாள். என் கையில் சிஞ்ஞோராவின் பாட்டுப் புத்தகம் இருந்தது. அவ்வளவுதான். பொழுதுபடமுன் செய்தி மன்னாருக்குப் போய்விட்டது, மூப்பரின் மகள் சபை மாறிவிட்டாள் என்று. சுவாமி இல்லாத நாளில் கோவிலில் செபம் சொல்லிக் கொடுக்கிற மூப்பரான உங்களுக்கு அதைவிட வேறென்ன அவமானம் வேண்டும்? எனக்கு அது விளங்குகிறது.

ஆனால் அம்மா போனில் சொன்னது இப்போதும் காதுக்குள் நிற்கிறது. "அப்பா உன்னோடை கதைக்கமாட்டார், பிள்ளை. 'அவளை அவளின்ரை பாஸ்டரோடை கதைக்கச் சொல்லு' எண்டுறார்." எத்தனை தரம் எடுத்தேன். கோபம் ஆறட்டும், பெருநாளுக்குக் கதைப்பார் என்று நினைத்தேன். பெருநாளுக்கு முதலே நீங்கள் போய்விட்டீர்கள்.

உங்கள் முப்பத்தோராம் நாள் பூசைக்குச் சிஞ்ஞோராவிடம் கெஞ்சி ஒரு ஞாயிறு வாங்கினேன். சுவாமி உங்கள் பெயரை வாசித்தபோது அழுகை வந்தது. நற்கருணை வாங்க வரிசையில் நிற்கிறேன், பின்னால் ராணி அக்கா என் தோளைத் தொட்டாள்.

"நீர் நன்மை எடுக்கலாமோ, தங்கச்சி? சுவாமியிட்டை கேட்டனீரோ?"

நான் வரிசையை விட்டு விலகி வந்துவிட்டேன், அப்பா. உங்களுக்காக வைத்த பூசையில் உங்கள் மகள் தூணுக்குப் பக்கத்தில் சும்மா நின்றாள்.

பூசை முடிந்து பஸ் தரிப்பிடத்தில் அவளைப் பிடித்துக்கொண்டேன். "அக்கா, ஒல்லாந்தற்றை காலத்திலை உங்கட ஆக்கள் எங்கை கலியாணம் எழுதினவை? அவங்கட கோவிலிலை எழுதாட்டி உங்கட காணி உங்களிட்டை நிண்டிருக்குமோ?"

"அது அந்தக் காலம். அப்ப அதுகளுக்கு வேறை வழி இருக்கேல்லை."

"எனக்கு எத்தினை வழி இருக்கு? ஒண்டைச் சொல்லுங்கோ பாப்பம்."

அவள் பையைத் துழாவினாள். "பஸ் வருது, தங்கச்சி" என்றாள். பஸ் வரவில்லை. பிறகு மெதுவாக, "நான் கண்டதைத்தான் சொன்னனான்" என்றாள்.

அவளோடு சண்டை பிடித்து எனக்கு என்ன வரப்போகிறது? அந்தக் கேள்வி உங்களுக்குரியது. ஒவ்வொரு திருவிழாவுக்கும் சொல்லுவீர்களே, "எங்கட ஆக்கள் ஒருத்தரும் ஒல்லாந்தன்ரை கோவில் வாசல் மிதிக்கேல்லை" என்று. பூசை வைக்கத் தடை, சுவாமிமாருக்கு இடம் கொடுத்தால் தண்டனை, அதனால் சுவாமி கூலிக்காரன் வேசத்தில் தோணியில் வந்தார் என்று. கேட்கக் கேட்க எனக்குப் பெருமையாக இருக்கும். ஆனால் கலியாணத்தையும் ஞானஸ்நானத்தையும் அவர்களின் கோவிலில் பதிந்தால்தான் பிள்ளைக்கு உரிமை என்று பள்ளிக்கூடப் புத்தகத்தில் இருந்தது. நான் கேட்டதற்கு, "எழுதினவன் எங்கட ஆள் இல்லை" என்று சொல்லிக் கதையை முடித்துவிட்டீர்கள்.

எங்கள் ஆட்களும் போனவர்கள்தான், அப்பா. போயிருக்கத்தான் வேண்டும். ஒல்லாந்தன் சொன்ன இடத்தில் பெயரைக் கொடுத்துவிட்டு, அவனுடைய பிரசங்கத்தையும் கேட்டுவிட்டு, வீட்டுக்கு வந்தார்கள். வீட்டில் அவர்களுக்குச் சோறு இருந்தது. பின்னேரச் செபத்தில் தகப்பனுக்குப் பக்கத்தில் இடமும் இருந்தது. போய்வந்த பிள்ளையை நீ ஆர் என்று எந்தத் தகப்பனும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் மன்னாரில் இன்றைக்கு எங்கள் கத்தோலிக்க வேதம் ஏது? நீங்கள் மூப்பர் ஆனது எப்படி?

என்னிடம் ஒரேயொரு தரம், "பிள்ளை, உண்மையோ?" என்று கேட்டிருக்கலாம். இல்லை அப்பா என்று சொல்ல எனக்கு ஒரு நிமிசம் காணும். அந்த ஒரு நிமிசத்தை நீங்கள் தரவில்லை. எனக்குக் கோபமாக இருக்கிறது. அதைவிட, நீங்கள் என்னை ஏசினாலும் பரவாயில்லை, உங்கள் குரலைக் கேட்க வேண்டும் போல இருக்கிறது.

வருகிற ஞாயிறும் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போகத்தான் போகிறேன். வேறு வழி இல்லை. ஆனால் பெர்மெஸ்ஸோ கைக்கு வந்ததும் முதல் வேலையாக ஊருக்கு வருவேன், இது சத்தியம். சேமக்காலையில் உங்களுக்குப் பக்கத்தில் முழந்தாளில் இருந்து, கத்தோலிக்கத் திருச்சபையை விசுவசிக்கிறேன் என்று வரும் விசுவாசப் பிரமாணத்தை ஒரு சொல் விடாமல், ஊர் கேட்கச் சொல்லுவேன். நீங்கள் எழும்பிப் போக ஏலாது, அப்பா. கிடந்து கேட்கத்தான் வேணும்.

இப்பவும் உங்கள் வேதத்திலேயே இருக்கிற,
உங்கள் மூத்த மகள்
ஜெசிந்தா