சந்தனம் பூசிய பூட்ஸ்

காலையிலிருந்து வீடு முழுக்க விளக்கெண்ணெய் வாடை. இன்று ஆயுத பூஜை. என் வீட்டுக்காரி அரிவாள்மணை, தையல் மிஷின், என் மில் ஸ்பேனர் எல்லாவற்றையும் கழுவிப் பலகையில் வைத்துவிட்டுக் கடைசியாகப் பரணிலிருந்து அந்தப் பூட்ஸ் ஜோடியை இறக்கினாள். "இதுக்கும் எண்ணெ போட்டுப் பொட்டு வைக்கவா?" என்று கேட்டாள். நான் அதைக் கையில் வாங்கினேன். தோலும் சந்தனமும் கலந்த வாடை மூக்கில் ஏறியதும் என் பழைய கூட்டாளி நீர்தான் கண் முன்னால் வந்து நின்றீர். உயிரோடு இருந்திருந்தால், "என்ன வே, சாமி இன்னும் மலையேறலையா?" என்று கேட்டிருப்பீர்.

வலது பூட்ஸ் பழையபடியே இருக்கிறது. இடது பூட்ஸின் முனையில் மட்டும் கறுப்பு மெழுகு நூலில் நெருக்கமான தையல். பந்து தைக்கிற நூல் அது. அந்தக் கதைக்குக் கடைசியில் வருகிறேன். எட்டாம் வகுப்போடு நின்றவனுக்கு நேராக எழுத வராது. மைதானத்தில் ஓடியதுபோல ஓரமாகவே ஓடித்தான் கோலுக்கு வர வேண்டும்.

நாம் ஒரே மில் ஃபுட்பால் டீமில் ஆடினோம். நீர் கோல்கீப்பர், நான் இடது ஓரத்தில் ஓடுகிற லெஃப்ட் அவுட். கணுக்காலில் துணிப்பட்டையைச் சுற்றிக்கொண்டு வெறுங்காலோடு ஓடுவேன். சனங்கள் எனக்கு 'தாராவி மெயில்' என்று பேர் வைத்தார்கள். தமிழ்ப் பேப்பரில் இரண்டு தடவை என் பேர் வந்தது, இரண்டு தடவையும் இனிஷியல் தப்பு. ஆனாலும் அந்தத் துண்டுகளைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, கேட்டவனுக்கும் கேட்காதவனுக்கும் காட்டிக்கொண்டு திரிந்தேன். "வே, அந்தத் தாளு கிழிஞ்சா நீரும் செத்துருவீரோ?" என்பீர்.

கோப்பை ஜெயித்த வருஷம் மில்லில் ஆளுக்கு ஒரு ஜோடி பூட்ஸ் கொடுத்தார்கள். அடுத்த சீசனிலிருந்து வெறுங்காலோடு யாரும் இறங்கக் கூடாது என்பதையும் அப்போதே சொன்னார்கள். பரிசும் தண்டனையும் ஒரே டப்பாவில் வந்தன. நீர் இரண்டு வாரத்தில் பழகிக்கொண்டீர். நான் அதை மாட்டினால் சேற்றில் இறங்கிய கோழி மாதிரி காலை உதறி உதறி நடந்தேன். மூன்று மேட்ச்தான். மெயில் ஷெட்டுக்குப் போய்விட்டது.

காலுக்கு ஆகாத பூட்ஸைச் சாமியாக்கினேன். வருஷா வருஷம் தண்ணீர் விட்டுக் கழுவி, விளக்கெண்ணெய் தடவி, சந்தனம் குழைத்துப் பூசிக் குங்குமம் வைத்தேன். நீர் பொரியைத் தின்றுகொண்டே சொல்வீர்: "வே, இது பூட்ஸா, புள்ளையாரா? இப்படி ஊறப் போட்டா நூலு மக்கிப் போவும்." நான் விடுவேனா? "கோல்கீப்பருக்குக் கைதான் தெரியும். காலு சமாச்சாரம் பேசாதயும்" என்பேன்.

உமக்குப் பிள்ளை இல்லை. என் மகன் செல்லத்துரைக்கு நீர் பெரியப்பா. ஆண்டாப் ஹில்லில் உம் வீட்டில் மதினி அவனுக்கென்று ஒரு தட்டு வைத்திருந்தாள், அதில் வேறு யாருக்கும் சோறு போட மாட்டாள். மேட்ச் பார்க்கப் போகும்போது அவன் உம் தோளில் உட்கார்ந்து உம் தலைமயிரை லகான் மாதிரி பிடித்திருப்பான். "பெத்தவன் மயிரப் பிடிலே, எனக்கு இருக்கதே கொஞ்சம்" என்று நீர் கத்துவீர். ஆனால் இறக்கிவிட மாட்டீர்.

அவன் வளர்ந்து பதினெட்டு வயதில் மில் வாசலில் பத்லி ஆளாக நின்றான். வேலைக்கு வராதவனுக்குப் பதிலாக அன்றைக்கு மட்டும் உள்ளே கூப்பிடுவார்கள், கூப்பிடாத நாளில் டப்பாச் சோற்றைத் திறக்காமல் வீட்டுக்குத் திரும்பி வருவான். டீமில் இடம் கிடைத்தால் அந்த நிற்பு ஒழியும், நேரே நிரந்தர வேலை. பாகிஸ்தான் சண்டை முடிந்த அடுத்த மழைக்காலம் அது. ஆள் எடுக்க டிரையல் மேட்ச் வைத்தார்கள். ஆட்டத்தை விட்டுவிட்டு டீமைப் பார்த்துக்கொண்டிருந்த நீர்தான் ஆட்களைப் பொறுக்குகிறவர்.

அல்வாப் பொட்டலத்தோடு உம் வீட்டுக்கு வந்தேன்.

"என்ன வே, யாருக்குக் கல்யாணம்?" என்றீர்.

"பய டிரையலுக்கு வாரான். லெஃப்ட் அவுட்."

"அவன் லெஃப்ட் அவுட் இல்ல வே. தாராவிப் பொட்டல்ல பாத்திருக்கேன். ஓட்டம் கெடையாது, ஆனா நின்னான்னா மலை மாதிரி நிக்கான். பின்னால நிக்க வேண்டிய பய. பேக்குன்னு எழுதும்."

"மெயில் மவன் பின்னால நின்னா ஊரு சிரிக்கும்."

"ஊரு சிரிக்கட்டும், பய பொழைக்கட்டும். கடையில நல்ல பூட்ஸ் வாங்கிக் குடுத்து ஒரு மாசம் பழக்கும். இன்னொண்ணு. அவன அனுப்பும், நீரு வராதயும். வெளிய நிக்கவனுக்கு மைதானத்துல வாயி கெடையாது."

மூன்று சொன்னீர். மூன்றையும் நான் கேட்கவில்லை. பத்து வருஷமாகப் பூஜை வாங்கிய பூட்ஸ் வீட்டில் இருக்க, கடைப் பூட்ஸ் எதற்கு? என் கால் அவன் காலைவிடப் பெரியது. இருந்தால் என்ன? முனையில் மில்லின் கழிவுப் பஞ்சை அடைத்தேன். டிரையல் அன்று காலை புதிதாகச் சந்தனம் பூசிக் குங்குமப் பொட்டும் வைத்து அவன் காலில் மாட்டிவிட்டேன். "யப்பா, பொட்ட மட்டும் அழிச்சுருதேன்" என்றான். "அழிச்ச, காலை ஒடிச்சுருவேன்" என்றேன்.

மழை விட்டு மைதானம் சேறாகக் கிடந்தது. ஷிஃப்ட் முடிந்த ஆட்கள் அத்தனை பேரும் வேலியைச் சுற்றி நின்றார்கள். மெயில் மகன் இறங்குகிறான் என்று நான்தான் ஒரு வாரமாக டீக்கடை டீக்கடையாகச் சொல்லி வைத்திருந்தேனே. அவன் உள்ளே வந்ததும் ஒருவன் கத்தினான்: "அரே மத்ராசி, மேட்ச் கேல்னே ஆயா கி பூஜா கர்னே?" ஆட வந்தானா, பூஜை பண்ண வந்தானா என்று வேலி முழுக்கச் சிரிப்பு. நம் ஆட்கள் மட்டும் சும்மா இருப்பார்களா? "ஏ துரை, பந்துக்கும் ஒரு பொட்டு வையிலே!"

இடது ஓரத்தில் அவன் ஓடினான். ஓட்டம் என்று அதைச் சொன்னால் பொய். "ஓடுலே! ஓரத்துல ஓடு!" என்று நான் வேலிக்கு வெளியே கூடவே ஓடினேன். என் குரல்தான் எல்லாவற்றுக்கும் மேலே கேட்டது. "மெயிலுக்குப் பொறந்தது கூட்ஸ் வண்டி" என்று யாரோ சொன்னதும் அது வாய்க்கு வாய் போய், பத்து நிமிஷத்தில் மொத்த வேலியும் அவன் பந்தைத் தொடும்போதெல்லாம் "கூ…" என்று ஊதியது.

அப்போது இடது பூட்ஸ் வாயைத் திறந்தது. அடித்தோல் பாதிவரை பிரிந்து, சந்தனமும் சேறும் நனைந்த பஞ்சும் வெளியே தொங்க, டப் டப் என்று அடித்துக்கொண்டு ஓடினான். சனங்கள் அந்தச் சத்தத்துக்குத் தாளம் போட்டுக் கைதட்டினார்கள். அவன் நின்று இரண்டு பூட்ஸையும் கழற்றி எறிந்துவிட்டு வெறுங்காலோடு போனான். அடுத்த பந்துக்கு இருவர் பாய்ந்ததில் எதிராளியின் பூட்ஸ் அவன் காலில் இறங்கியது. பெருவிரல் ஒடிந்தது. நகம் சேற்றிலேயே கிடந்தது. அவன் கத்தவில்லை. நான்தான் கத்தினேன், என்ன கத்தினேன் தெரியுமா? "எந்திரிலே, மானத்தை வாங்காத!"

நீர் உள்ளே போய் அவனைத் தூக்கி ஓரத்தில் உட்காரவைத்து உம் துண்டைக் கிழித்துக் கட்டினீர். பிறகு அந்த இடது பூட்ஸை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்து, எல்லார் முன்னாலும் தூக்கிப் பிடித்தீர். பிரிந்த தோல் தொங்கிக்கொண்டிருந்தது.

"பாத்தீரா வே? இது உம்ம வாயி. தொறந்தா மூட மாட்டேங்கு. ஒரு பயலத் தின்னுட்டு."

சிரிப்பென்றால் அப்படியொரு சிரிப்பு. ஒரு காலத்தில் எனக்காகக் கைதட்டிய அதே ஆட்கள். என் உடம்பெல்லாம் எரிந்தது. கையில் கிடைத்ததை எறிவது மாதிரி, வாயில் கிடைத்ததை எறிந்தேன்.

"பெத்திருந்தாத்தானவே தெரியும்? பிள்ளை இல்லாதவனுக்குப் பிள்ளை அருமை என்னவே தெரியும்?"

சிரிப்பு நின்றுவிட்டது. நீர் என்னை ஒரு தடவை பார்த்தீர். "செரி வே" என்றீர். அவ்வளவுதான். பூட்ஸைக் கீழே போட மறந்து, அதைக் கையில் பிடித்தபடியே வாசலைத் தாண்டிப் போய்விட்டீர். சாயங்காலம் ஒட்டிய பட்டியலில் துரை பேர் இல்லை. இருந்திருந்தால்தான் ஆச்சரியம்.

பஸ்ஸில் திரும்பும்போது துணி நனைந்து ரத்தம் சொட்டிக்கொண்டிருந்தது. மாட்டுங்கா வரைக்கும் அவன் அதைத் துடைத்துக்கொண்டே வந்தான். பிறகு ஒன்றே ஒன்று சொன்னான்: "விரலு கூடிரும். பெரியப்பாவ அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது." நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். அப்போதே இறங்கி, எதிர்த் திசை பஸ்ஸைப் பிடித்து உம் வீட்டுக்கு வந்திருந்தால் கதை வேறு. ஆனால் மெயில் வண்டி ரிவர்ஸில் போகுமா? அப்படித்தான் என்னை நானே தேற்றிக்கொண்டேன். ரொம்பப் பெரிய வண்டி!

இரண்டரை வருஷம். ஒரே மில், ஒரே கேட். நான் வந்தால் நீர் பீடி பற்றவைக்கக் குனிவீர், நீர் வந்தால் நான் செருப்பு வாரைச் சரிசெய்வேன். கடைசி வரைக்கும் அந்த வார் சரியாகவில்லை.

துரை மறு வருஷம் எனக்குச் சொல்லாமல் துறைமுகத்துப் பக்கம் ஒரு கம்பெனி டீமில் போய்ச் சேர்ந்தான். பழைய சாமான் கடையில் தன் அளவுக்குப் பூட்ஸ் வாங்கியிருந்தான். பேக்காக ஆடுகிறான், வேலையும் நிரந்தரம். அப்பா பேர் எழுதச் சொன்ன இடத்தில் இனிஷியலோடு நிறுத்திக்கொண்டானாம். அதைக் கேட்டு நான் சிரித்துவிட்டேன். அவனாவது சரியான இனிஷியலைப் போட்டானே.

அவன் உம்மைப் பார்க்க வந்தானா என்று நான் கேட்டதில்லை. "ஏன் போவல?" என்று அவன் அம்மா கேட்டதற்கு, "எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுப் போவ? எனக்கு அப்பா மூஞ்சில்லா" என்றானாம்.

மஞ்சள் காமாலை உம்மைப் பதினைந்து நாளில் கொண்டுபோய்விட்டது. செய்தி வந்ததும் நாங்கள் ஓடி வந்தோம். பாடையெல்லாம் கட்டியாயிற்று. கூட்டத்தில் ஒரு பெரியவர், "கொள்ளி யாரு வைக்கா?" என்று கேட்டார். யாரும் வாயைத் திறக்கும் முன்பே துரை சட்டையைக் கழற்றிவிட்டு முன்னால் போய் நின்றான். பெரியப்பாவுக்கு மகன் முறைதானே. நானும், உள்ளதைச் சொல்கிறேன், அந்த நேரத்தில் கொஞ்சம் நிம்மதியாக மூச்சு விட்டேன். கடன் கழிந்தது என்று நினைத்தேன்.

மதினி தலையைத் தூக்கினாள். அழவில்லை. துரையின் கையைப் பிடித்து ஓரமாக நிறுத்தினாள்.

"நீ வைக்க வேண்டாம்யா. பிள்ளை இல்லாதவராவே போவட்டும். உங்கப்பா நாலு பேரு முன்னால சொன்ன வார்த்தை. அது பொய்யாப் போவ வேண்டாம்."

டோம்பிவிலியிலிருந்து வந்திருந்த மதினியின் அண்ணன் மகன் கொள்ளி வைத்தான். துரை கழற்றிய சட்டையைத் திரும்பப் போடாமல், கையில் சுருட்டிக்கொண்டே சுடுகாடு வரைக்கும் நடந்தான். அன்று முழுக்க அவன் என்னைப் பார்க்கவே இல்லை.

பதினாறாம் நாள் மதினி ஒரு காகிதப் பொட்டலத்தை அவன் கையில் கொடுத்தாள், என் கையில் இல்லை. உள்ளே இடது பூட்ஸ். பிரிந்த தோலை இழுத்துச் சேர்த்து, பந்து தைக்கிற நூலால் நெருக்க நெருக்கமாகத் தைத்திருந்தீர். "வேலைக்குப் போவாத நாளெல்லாம் இதத்தான் வச்சிக்கிட்டு உக்காந்திருப்பாரு. குடுன்னும் சொல்லல, தூரப் போடுன்னும் சொல்லல" என்றாள். பயலுக்கு ஆகுமென்று தைத்தீரா, என் வாயை மூடத் தைத்தீரா? எத்தனையோ தடவை கையில் எடுத்துப் பார்த்துவிட்டேன். தையல் சொல்ல மாட்டேன் என்கிறது.

ஞாயிற்றுக்கிழமைகளில் துரையின் ஆட்டம் பார்க்கப் போகிறேன். அவன் போட்ட நிபந்தனை: "வரணும்னா வாங்க. வாயத் தொறக்கக் கூடாது." வேலி ஓரத்தில் வெற்றிலையைக் குதப்பிக்கொண்டு நிற்கிறேன். நீர் சொன்னது சரிதான், மலை மாதிரி நிற்கிறான். போன வாரம் பக்கத்தில் நின்ற திருநெல்வேலிக்காரர் ஒருவர் கேட்டார்:

"அந்த பேக்கு நம்ம ஊருப் பயலாமே. யாரு மவன் வே?"

முன்பென்றால் பேப்பர் துண்டுகளை எடுத்திருப்பேன். வெற்றிலையைத் துப்பிவிட்டு உம் பேரைச் சொன்னேன்.

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அந்த மில் கோல்கீப்பரா? அவருக்கு ஏதுவே பிள்ளை?"

நான் எறிந்த சொல்தான். ஊரெல்லாம் சுற்றிவிட்டு வந்து என் நெஞ்சிலேயே விழுந்தது. இன்னொரு வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்டேன்.

வீட்டுக்காரி இன்னும் கையில் எண்ணெய்க் கிண்ணத்தோடு நிற்கிறாள். "கேக்கேன்லா? இதுக்கும் வைக்கவா, வேண்டாமா?"

"பொட்டு மட்டும் வையி" என்றேன். "இடதுக்கு எண்ணெயும் வேண்டாம், தண்ணியும் வேண்டாம். நூலு மக்கிப் போவும்."