தேர்வு ஆட்டத்தின் கடைசிப் பந்து

பிப்ரவரி 11

அன்புள்ள சுண்டுவுக்கு,

இங்கே நான் நலம். நீ, அம்மா, உன் வீட்டுக்காரர், பாப்பா எல்லோரும் எப்படி இருக்கிறீர்கள்? போனில் பேசினால் இரண்டாவது நிமிஷமே அம்மா பிடுங்கிக்கொள்கிறாள். நான் சாப்பிட்டேனா, தோள் வலிக்கிறதா என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அதனால்தான் மறுபடி கடிதம். இந்த வருஷத்தில் நான் போட்டது மூன்று, நீ போட்டது ஒன்று. வேலைக்குப் போகிறவள் என்று சாக்குச் சொல்லாதே. நானும் வேலைக்குத்தான் வந்திருக்கிறேன்.

இந்த ஊர் டென்னிஸ் போட்டியில் தகுதிச் சுற்றின் கடைசி ஆட்டத்தில் தோற்றேன். ஆனாலும் கிளம்ப முடியாது. மெயின் டிராவுக்குள் போனவர்களில் யாராவது விலகினால், தோற்றவர்களில் ஒருத்தியைக் கூப்பிடுவார்கள். அதற்காக மூன்று நாள் காலையில் குளித்து, ராக்கெட் பையோடு ஆபீஸ் மேஜைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். யாருக்காவது வயிறு கெட்டுப் போகாதா என்று மனசு நினைக்கும். உடனே 'சீ' என்று தோன்றும். பிறகு மறுபடி நினைக்கும். மூன்றாம் நாள் ஒருத்தி கணுக்கால் பிசகி விலகினாள். பட்டியலில் எனக்கு முன்னால் இருந்தவள் உள்ளே போனாள். நான் எழுந்து அறைக்கு வந்து துணி துவைத்தேன்.

தரவரிசை இப்போது ஐந்நூற்றுப் பன்னிரண்டு. நேற்று பதிவு மேஜையில் இருந்த பெண் என்னைப் பார்த்து, "நீங்க யாரோட கோச்?" என்று கேட்டாள். முப்பத்தொரு வயசு அவ்வளவு அப்பட்டமாகத் தெரிகிறது போலிருக்கிறது. என்னுடைய கோச் நான்தான் என்றேன். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

பாப்பாவுக்கு முத்தம்.

அக்கா

பிப்ரவரி 27

அன்புள்ள அக்காவுக்கு,

நீ கணக்குப் பார்க்கிறாய் என்றுதான் இன்றைக்கே எழுதுகிறேன். பஸ் டிப்போவில் கோடைக்கால நேர அட்டவணை போடும் வேலை நடக்கிறது. இருநூறு டிரைவர்களில் ஒருவருக்குக்கூட என் அட்டவணை பிடிக்கவில்லை. பிடிக்காதவர்கள் எல்லோரும் நேராக என் மேஜைக்குத்தான் வருகிறார்கள். மூத்த டிரைவர் ஒருவர், "அம்மா, நீங்க போட்ட நேரத்துல போகணும்னா எனக்கு ரெக்கை வேணும்" என்றார். அவர் சொன்னது சரி. ஏழு நிமிஷம் கூட்டிக் கொடுத்தேன்.

அம்மா உன் ஆட்டத்தின் ஸ்கோரை போனில் பார்த்தபடியே சமைக்கிறாள். பதினைந்து, முப்பது, அப்புறம் ஏன் நாற்பது, ஐந்து எங்கே போனது என்று இருபது வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். எனக்கும் தெரியாது. உனக்குத் தெரிந்தால் எழுது.

போன வாரம் பாப்பா பரணிலிருந்து என் பழைய ராக்கெட்டை இறக்கச் சொன்னாள். "நீயும் ஆடினியாமே, ஏன் விட்டே?" என்று கேட்டாள். அந்தத் தேர்வு ஆட்டத்தைச் சொன்னேன். பெரிய போட்டியில் நம் நாட்டுப் பெண்களுக்கென்று ஒதுக்கியது ஒரே இடம். அதற்கு நாமிருவரும் கடைசிவரை வந்தோம். மூன்றாவது செட்டில் எனக்கு மேட்ச் பாயிண்ட், அந்த ஒன்றை எடுத்தால் ஆட்டம் என்னுடையது. நான் அடித்த பந்து ஒரு விரற்கடை வெளியே விழுந்தது. அவள் பெரியம்மா நீதான் சரியாகப் பார்த்துச் சொன்னாய் என்றேன். அப்புறம் நீயே ஜெயித்தாய் என்றும் சொன்னேன். பாப்பா, "ஒரு வெரல்தானா?" என்று தன் விரலைப் பார்த்துக்கொண்டாள்.

உன்னிடம் இதைச் சொன்னதில்லை. அந்தப் பந்து எனக்கு நல்லதுதான் செய்தது, அக்கா. அவ்வளவு நன்றாக நான் அதற்கு முன்பும் ஆடியதில்லை, அதற்குப் பிறகும் ஆடியிருக்க மாட்டேன். அதுவே போதவில்லை என்று தெரிந்ததும் சந்தேகமே இல்லாமல் விட்டேன். அடுத்த மாதமே இந்த வேலைக்குப் பரீட்சை எழுதினேன். நீ பை தூக்கிக்கொண்டு ஊர் ஊராக அலைவதைப் பார்க்கும்போது, உனக்கும் அப்படி ஒரு பந்து விழக்கூடாதா என்று சில சமயம் நினைப்பேன். தப்பாக எடுத்துக்கொள்ளாதே.

எப்போது வருகிறாய்?

சுண்டு

மார்ச் 15

அன்புள்ள சுண்டுவுக்கு,

உன் கடிதம் வந்து ஒன்பது நாள் ஆகிறது. பதில் எழுதி நான்கு முறை கிழித்தேன். இதையும் கிழிப்பதற்குள் போய்ப் போட்டுவிட வேண்டும்.

அந்தப் பந்து உள்ளே விழுந்தது.

பின்பக்கக் கோர்ட், நடுவர் கிடையாது, அவரவர் பக்கத்துக் கோடு அவரவர் பொறுப்பு. நீ பேக்ஹாண்டில் கோட்டை ஒட்டி நேராக அடித்தாய். நான் ஓடினேன், எட்டவில்லை. பந்து கோட்டின் வெளி ஓரத்தில் பட்டது. பெயிண்டில் பட்டால் பந்து கொஞ்சம் வழுக்கிக்கொண்டு போகும், உனக்கே தெரியும். வழுக்கியது. நான் பார்த்தேன். 'வெளியே' என்று விரலைத் தூக்கினேன்.

விரல் தானாக உயர்ந்தது என்று எட்டு வருஷமாக எனக்கு நானே சொல்லி வந்தேன். அப்படி இல்லை. நடுவில் ஒரு நொடி இருந்தது. அந்த நொடியில் அப்பா ஆஸ்பத்திரியில் படுத்திருந்ததையோ வேறு எதையோ நான் நினைக்கவில்லை. இந்த இடம் போனால் எனக்கு வேறு இடம் கிடையாது என்று மட்டும்தான் நினைத்தேன். உனக்கு இருபது வயசு, மறுபடி வருவாய் என்றும் நினைத்தேன்.

நீ வலைக்கு அந்தப் பக்கம் நின்று, "நல்லாப் பாத்தியா?" என்று கேட்டாய். "பாத்தேன், வெளியே" என்றேன். நீ தலையாட்டிவிட்டு அடுத்த பாயிண்ட்டுக்கு நடந்தாய். ஒரு வார்த்தை சண்டை போட்டிருந்தால் மாற்றிச் சொல்லியிருப்பேனோ என்னவோ. அந்த 'என்னவோ'வை நீ நம்ப வேண்டாம்.

பாப்பாவிடம் நான் சரியாகப் பார்த்துச் சொன்னதாகச் சொல்லியிருக்கிறாய். அதைப் படித்த பிறகு என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

அக்கா

ஏப்ரல் 6

சுண்டு,

நான்கு முறை போன் செய்தேன். நான்கு முறையும் நீ குளித்துக்கொண்டிருப்பதாக அம்மா சொல்கிறாள். அம்மாவுக்குப் பொய் சொல்ல வராது. திட்டியாவது இரண்டு வரி எழுது.

அக்கா

ஏப்ரல் 29

அக்காவுக்கு,

திட்டத்தான் உட்கார்ந்தேன். ஆனால் உன்னைத் திட்டவும் ஒரு இடம் கிடைக்க மாட்டேன் என்கிறது. நீ எல்லாவற்றையும் நீயே எழுதிவிட்டாய்.

எட்டு வருஷமாக நான் தோற்றவள். அதில் எனக்கு ஒரு குறையும் இருந்ததில்லை. அந்த விரற்கடை மேல்தான் வேலை, கல்யாணம், பாப்பா எல்லாவற்றையும் கட்டினேன். இப்போது நான் ஜெயித்தவள் என்கிறாய். ஜெயித்தவளாக இருபத்தெட்டு வயசில் டிப்போவில் எப்படி உட்கார்ந்திருப்பது? ஒரு வாரமாக டிரைவர்களிடம் எரிந்து விழுகிறேன். பாவம், அவர்களுக்கு என்ன தெரியும். நீ பாரத்தை இறக்கி வைத்துவிட்டாய். அது இறங்கியது என் தலையில்.

நீ அன்றைக்குப் பொய் சொன்னதைவிட இப்போது உண்மையைச் சொன்னதுதான் எனக்கு அதிகம் வலிக்கிறது. இது நியாயமா என்று எனக்குத் தெரியவில்லை. அப்படித்தான் இருக்கிறது.

அம்மாவிடம் சொல்லவில்லை. பாப்பாவிடமும் சொல்லவில்லை.

ஒன்று கேட்கிறேன். அந்தப் பெரிய போட்டியில் நீ ஆடிய நாளைப் பற்றி நீ என்னிடம் பேசியதே இல்லை. எனக்கு வருத்தமாக இருக்கும் என்று பேசவில்லை என்றுதான் இதுவரை நினைத்திருந்தேன். நானும் பார்க்கவில்லை. அன்றைக்கு இந்த வேலைக்கான பரீட்சை எழுதிக்கொண்டிருந்தேன். சாயங்காலம் ஸ்கோரை மட்டும் கேட்டேன்.

அது என் நாள், அக்கா. அதை எனக்குச் சொல். உள்ளே நுழைந்ததிலிருந்து வெளியே வந்ததுவரை. அழகு பண்ணாதே, நடுநடுவே மன்னிப்புக் கேட்காதே.

சுண்டு

மே 8

சுண்டுவுக்கு,

சொல்கிறேன்.

காலை எட்டு மணிக்கு வாசலில் ஒரு அட்டையைக் கழுத்தில் மாட்டிவிட்டார்கள். 'வீராங்கனை' என்று போட்டிருந்தது. காவலுக்கு நின்றவர் அதைப் படித்துப் பார்த்துக்கூடக் கேள்வி கேட்கவில்லை. உள்ளே துணி மாற்றும் அறையில் மர அலமாரி, பூட்டு, சாவி. துண்டு எத்தனை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். நான் ஒன்று எடுத்தேன், இன்னொன்று எடுக்கத் தயங்கினேன். பக்கத்தில் ஒருத்தி ஆறு எடுத்துப் போனாள். ராக்கெட்டுக்கு ஸ்ட்ரிங் போட ஒரு கூடமே இருந்தது. நான் கொடுத்ததை ஒருவர் வாங்கி, "எவ்வளவு இறுக்கம்?" என்று கேட்டார். நானே போட்டுப் பழகியதால் சட்டென்று சொல்ல வரவில்லை.

எங்களுக்குப் பதினான்காம் கோர்ட். நாற்பது பேர் இருந்திருப்பார்கள், பாதிப் பேர் நிழலுக்காக உட்கார்ந்தவர்கள். பலகையில் என் பெயர் இல்லை, அப்பா பெயர்தான் இருந்தது. கடைசிப் பெயரைத்தானே போடுவார்கள். நீ போயிருந்தாலும் அதேதான் இருந்திருக்கும், ஒரு எழுத்துகூட மாற்ற வேண்டியிருக்காது. அதை நிமிர்ந்து பார்த்துவிட்டு அப்புறம் ஆட்டம் முடியும்வரை பார்க்கவில்லை.

எதிரே ஆடியவள் தரவரிசையில் பன்னிரண்டாம் இடம், என்னைவிட ஒரு தலை உயரம். அவள் சர்வீஸ் காதுக்குப் பக்கத்தில் போகும்போதுதான் தெரியும். முதல் மூன்று கேம் எனக்கு எதுவும் ஞாபகமில்லை. நான்காவதில் ஒரு பந்தை வளைத்து அவளைத் தாண்டி அடித்தேன். அவளே ராக்கெட்டைத் தட்டிப் பாராட்டினாள். நிழலுக்கு வந்தவர்கள்கூடக் கைதட்டினார்கள். அந்த ஒரு பந்துக்கு உடம்பு முழுக்கச் சிலிர்த்தது. அதை நான் பொய்யாக மறுக்கப் போவதில்லை.

ஒவ்வொரு கோட்டுக்கும் ஒரு ஆள் குனிந்து நின்றிருந்தார். விழுந்த பந்தைப் பற்றி என்னை யாரும் கேட்கவில்லை. அதில் எனக்கு இருந்த நிம்மதியை உன்னிடம் எப்படிச் சொல்வது?

இரண்டாவது செட்டில் பின்கோட்டை விட்டு நகரவே இல்லை. ஆறு-இரண்டு, ஆறு-ஒன்று. ஐம்பத்தெட்டு நிமிஷம். கை குலுக்கும்போது அவள் ஏதோ நல்லதாகச் சொன்னாள், காதில் விழவில்லை. வெளியே ஒரு சிறுமி, கையெழுத்து வாங்கவென்றே விற்கிற பெரிய பந்தை நீட்டிக் கையெழுத்துக் கேட்டாள். போட்டேன். அப்புறம் குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு நின்றேன். அழுகை வரவில்லை. பசித்தது.

இவ்வளவுதான். நாள் முழுவதும் இவ்வளவுதான் இருந்தது.

இன்னொரு செய்தி. போன வாரம் தோளுக்கு ஸ்கேன் எடுத்தார்கள், தசை பாதி கிழிந்திருக்கிறது. ஓய்வு பெறுகிறேன் என்று நிரப்பிக் கொடுக்க ஒரு தாள் இருக்கிறது. காரணம் எழுத ஒரே ஒரு வரி. 'தோள்' என்று எழுதி அனுப்பிவிட்டேன். இதைத் தண்டனை என்று நினைத்துக்கொள்ளாதே, முடியவில்லை, அதனால் விட்டேன். இருபதாம் தேதிக்கு மேல் ஊருக்கு வரலாம் என்றிருக்கிறேன். நீ வேண்டாம் என்றால் அம்மாவை மட்டும் வெளியில் எங்காவது பார்த்துவிட்டுப் போகிறேன்.

அக்கா

மே 17

அக்காவுக்கு,

மூன்று தடவை படித்தேன். மூன்றாவது தடவை சத்தமாக, என் வீட்டுக்காரருக்கு. அவரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் கடிதத்தை வாங்கித் தானும் ஒரு தடவை படித்தார். பிறகு, "அந்த ரெண்டாவது துண்டையாவது எடுத்திருக்கலாம்" என்றார்.

மன்னித்துவிட்டேன் என்று எழுதிப் பார்த்தேன், அடித்துவிட்டேன். இன்னும் வரவில்லை. வந்தால் சொல்கிறேன். வராமலே போனாலும் சொல்கிறேன். இனி நமக்குள் அப்படியே இருக்கட்டும்.

ஆனால் இரண்டாவது செட்டில் நீ ஆடியது மகா தப்பு. அவ்வளவு உயரமானவளிடம் பின்கோட்டில் நின்று யாராவது ஆடுவார்களா? காலடியில் தாழ்வாகப் போட்டு முன்னால் ஏறியிருக்க வேண்டாமா? நான் இருந்தாலும் தோற்றுத்தான் இருப்பேன். ஆனால் நாலு கேமாவது எடுத்திருப்பேன். முந்தாநாள் டிப்போவில் உட்கார்ந்து தாளில் படம் போட்டுப் பார்த்தேன், நாலு நிச்சயம்.

அம்மாவை ஏன் வெளியில் பார்க்க வேண்டும்? வீட்டுக்கு வா. உன்னைக் கூப்பிட பஸ் ஸ்டாண்டுக்கு வரமாட்டேன், அதற்கு இன்னும் மனசு வரவில்லை. வீட்டில் இருப்பேன். தோள் சரியானதும் ஒரு நாள் கோர்ட்டுக்குப் போகலாம், மெதுவாக, பாப்பா பார்க்கட்டும்.

இரண்டு பக்கக் கோடும் நான்தான் பார்ப்பேன்.

சுண்டு